புகைக்கு வராத மான்கள்

ஏரியின் அக்கரையில் எப்போதும் ஒரு புகைதான் எழும். அன்றைக்கு மூன்று எழுந்தன. நான் மீன் அறுத்துக்கொண்டிருந்தவள் கத்தியைக் கீழே வைத்துவிட்டு எழுந்து பார்த்தேன். ஒரு புகை போட்டு வராத மான் மூன்று புகைக்கு வருமா? வராது. அது எனக்கே தெரியும்போது புரோக்கோப்பி அண்ணனுக்குத் தெரியாதா என்ன? தெரிந்தும் போடுகிறார் என்றால் மனுஷன் கலங்கிப்போயிருக்கிறார் என்று அர்த்தம்.

ஜூலை மாதம் எங்கள் வடக்குப் பனிக்காட்டில் கலைமானை யாரும் மேய்க்க வேண்டியதில்லை. கொசுவே மேய்த்துக்கொண்டு வந்து வாசலில் விட்டுவிடும். மூக்குக்குள்ளும் கண்ணுக்குள்ளும் புகுந்து பிடுங்குகிற கொசுவுக்கும் கடி ஈக்கும் பயந்து, விடிந்ததும் மான்கள் தாமாகப் புகையைத் தேடி வந்துவிடும். ஈரப்பாசியும் உளுத்த பிர்ச் மரக் கட்டையும் போட்டு மூட்டிய புகைக்குள் தலையை நுழைத்துக்கொண்டு பொழுது சாய்கிற வரைக்கும் அசையாமல் நிற்கும். குளிர்ந்த பிறகு மேயப் போகும். போய்விட்டு மறுபடி வரும். கொசுதான் நமக்குச் சம்பளம் வாங்காத மேய்ப்பன் என்று செத்துப்போன என் வீட்டுக்காரர் சிரிப்பார்.

படகைத் தள்ளிக்கொண்டு போனேன்.

புரோக்கோப்பி எனக்கு ஒன்றுவிட்ட அண்ணன். அறுபதைத் தாண்டிய ஆள், இன்னமும் மரத்தின் மேல் கோபம் வந்தவர் மாதிரிதான் கோடாலி வீசுவார். அன்றைக்கும் உளுத்த கட்டையைப் பிளந்து பிளந்து போட்டுக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்தும் நிமிரவில்லை. அந்தப் பக்கம் மண் அடுப்படியில் மருமகள் உஸ்தீன்யா ரொட்டி சுட்டுக்கொண்டிருந்தாள். மாமனார் இருக்கிற திசைக்கு முக்காடு, அடுப்பு இருக்கிற திசைக்கு முகம். வீட்டில் வேறு யாரும் இல்லை. அண்ணி அக்குலீனாவுக்குப் பித்தப்பையில் கல். சுர்குத் நகரத்து ஆஸ்பத்திரியில் அறுக்கப் போயிருந்தாள். துணைக்கு மகன் தனீலும் போய்விட்டான். ஆக மாமனாரும் மருமகளும் மட்டும்.

எங்களில் மருமகள் மாமனாருக்கு முகம் காட்டக் கூடாது. அவரோடு நேருக்கு நேர் பேசவும் கூடாது. அவரும் அவளைப் பார்த்துப் பேச மாட்டார். நடுவில் மாமியாரோ புருஷனோ இருந்தால் பேச்சு அவர்கள் வழியாகப் போய் வரும். இப்போது அந்த இரண்டு பேரும் இல்லாததால் நடுவில் சேர்க்கோ இருந்தது. சேர்க்கோ என்பது நாய்.

உஸ்தீன்யா பீம் ஆற்றுக்காரி. அந்த ஆற்றுப் பெண்களுக்கு நாக்கில் எலும்பு கிடையாது, துடுப்புதான் இருக்கிறது. முக்காடு போட்டால் வாயை மூடியதாகிவிடுமா? தட்டில் சூப்பை ஊற்றி வைத்துவிட்டு நாயைப் பார்த்துச் சொன்னாள்.

"சேர்க்கோ, ராத்திரி வெச்ச சூப்பு விடிஞ்சும் அப்படியே இருக்குது. பட்டினி கிடந்தா மான் வந்துடும்னு எந்தச் சாமி சொல்லிச்சுன்னு கேளு."

அண்ணன் கோடாலியைக் கட்டையில் கொத்தி நிறுத்திவிட்டு நாயிடமே பதில் சொன்னார். "சேர்க்கோ, நீ குடிச்சிக்கோ. எனக்குத் தொண்டையில இறங்கல."

நாய்க்கு இரண்டு பக்கமும் லாபம். சூப்பைக் குடித்துவிட்டது.

நான் அண்ணன் பக்கத்தில் போய் உட்கார்ந்து என்னதான் ஆச்சு என்று கேட்டேன். நாலைந்து நாளாக ஒரு மானும் வரவில்லை என்றார். ஓநாய் என்றால் தடம் இருக்கும், இல்லை. நோய் என்றால் ஒன்றாவது எங்காவது விழுந்து கிடக்கும், அதுவும் இல்லை. முன்னால் நடக்கிற கொம்பு வைத்த பெட்டைமான், கழுத்தில் மணி கட்டிய வெள்ளைக்காலி, அதுகூட வரவில்லை. தன் கையில்தான் ஏதோ குறை வந்துவிட்டது, புகை சரியில்லை, கட்டை சரியில்லை என்று ஒரே புலம்பல். மான் போனால் அந்த வீட்டில் என்ன மிஞ்சும்? குளிர்காலத்தில் சறுக்கு வண்டி இழுக்க மான், உடுத்தத் தோல், தனீல் பிள்ளை குட்டி பெற்றால் அதன் பெயருக்கென்று சீராகக் கொடுக்கவும் மான். மான் இல்லாதவன் சுர்குத்தில் ஐந்தாம் மாடியில் ஜன்னலோரம் உட்கார்ந்திருக்க வேண்டியதுதான். அப்படி உட்கார்ந்திருக்கிறவர்களை நான் பார்த்திருக்கிறேன்.

உஸ்தீன்யா என்னை ரொட்டி எடுக்கிற சாக்கில் அடுப்படிக்குக் கூப்பிட்டாள். முகம் வெளிறியிருந்தது.

"அத்தை, எனக்குத் தெரியும், மானெல்லாம் எங்க இருக்குன்னு."

"தெரிஞ்சா சொல்ல வேண்டியதுதானே?"

"நேத்தே பார்த்துட்டேன். மஞ்சப் பழம் பொறுக்க எரிஞ்ச மேட்டுக்குப் போனேன்ல, அங்கிருந்து தெரிஞ்சுது. எண்ணெய்க் கம்பெனிக்காரன் புதுசா மணல் கொட்டி மேடாக்கியிருக்கானே, காஸை எரிக்கிற அந்த நெருப்புக் குழாய்க்குக் கீழ. எல்லாம் அங்கதான் நிக்குது. அவரோட புகையை விட்டுட்டு அவனோட நெருப்புக்குப் போயிட்டுதுன்னு எப்படி அத்தை நாய்கிட்ட சொல்லுவேன்? சூப்பு ஆறிப்போச்சுன்னா சொல்லலாம். இதை நாய்கிட்டச் சொல்ல முடியுமா?"

அவள் சொன்னதில் நியாயம் இருந்தது. ஒரு மனுஷனின் மான்கள் அவன் புகையை வேண்டாம் என்று விட்டுப் போன சேதியை நாய் மூலம் சொல்வது காறித் துப்புவதைவிடக் கேவலம். யாராவது ஆள் வரட்டும் என்று ஒரு நாள் முழுக்க வாயைக் கட்டிக்கொண்டு காத்திருந்திருக்கிறாள். எனக்கு எரிச்சல் அவள்மேல் வரவில்லை. எங்கள் முறைமேல் வந்தது. அதைவிட அந்த மணல் மேட்டின்மேல் வந்தது. அங்கே மணல் காய்ந்து கிடக்கும், காற்று வீசும், நெருப்பின் அனலுக்குக் கொசு அண்டாது. மான் என்ன செய்யும்? அதற்கு எது வசதியோ அங்கேதான் போகும். ஆனால் அந்த மேட்டை ஒட்டி ஒரு குழி இருப்பதும் எனக்குத் தெரியும். பூமியைத் துளைக்கும்போது வருகிற கருஞ்சேற்றை அதில் கொட்டுகிறார்கள். மேலே காய்ந்து மணல் படிந்து தரை மாதிரியே தெரியும். போன மாசம் அங்கே ஒரு நரி இறங்கியது, ஏறவில்லை.

நான் போய் அண்ணனிடம் சொன்னேன். கையிலிருந்த பாசியைக் கீழே போட்டார். பிறகு மூன்று புகைகளையும் பார்த்தார். "அப்ப என் புகையில குறை இல்ல" என்றார். அதில் ஒரு சின்ன நிம்மதிகூட இருந்தது, பாவம்.

உடனே புறப்பட்டோம். ஜூலையில் சதுப்புக்குள் மான் நடக்கும், அதன் குளம்பு அகலம். மனுஷன் இடுப்பு வரைக்கும் போவான். அதனால் ஓடை வழியாகப் படகில் போய்க் கம்பெனிக்காரனின் மணல் ரோட்டில் ஏறுவதைத் தவிர வேறு வழி இல்லை. உஸ்தீன்யாவையும் கூட்டிக்கொண்டோம். குட்டியிலிருந்து மான்களுக்கு ரொட்டி கொடுத்து வளர்த்தவள் அவள்தான், அவள் குரலுக்கு வெள்ளைக்காலி வரும். படகில் அண்ணன் முன்னால் முதுகைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்தார், நான் நடுவில், அவள் பின்னால். நாயைக் கரையில் விட்டுவிட்டோம், நான் இருக்கும்போது அதற்கு வேலை இல்லை.

ரோட்டில் செக்போஸ்ட். குறுக்கே சிவப்பும் வெள்ளையும் அடித்த கட்டை. காவலுக்கு ஒரு பையன், தெற்கே வோல்கா பக்கத்துக்காரனாம், கொசு கடித்துக் கடித்து முகம் ரொட்டி மாவு மாதிரி உப்பியிருந்தது. கெட்டவன் இல்லை. போன வருஷம் வரைக்கும் பாஸை ஆட்டிக் காட்டினால் போதும். இந்த வருஷம் புதுச் சட்டம். பாஸில் இருக்கிற போட்டோவும் முகமும் ஒத்துப்போக வேண்டும், அதுவும் கேமரா முன்னால். அண்ணன் முகம் ஒத்துப்போனது. என் முகம் கொஞ்சம் யோசித்துவிட்டு ஒத்துப்போனது. உஸ்தீன்யாவிடம் முக்காட்டை எடுக்கச் சொன்னான்.

அண்ணன் திரும்பிச் சதுப்புப் பக்கமாக நடந்து போய் எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார். அவள் முக்காட்டை விலக்கினாள். சரியாகப் போச்சு என்று நான் நினைத்தேன். பையனுக்குச் சந்தேகம் வந்துவிட்டது.

"அவர் எங்க போறார்? மூணு பேரும் ஒண்ணா நிக்கணும், கேமராவுக்கு."

நான் சொன்னேன், மருமகள் முகத்தை மாமனார் பார்க்கக் கூடாது தம்பி, அதனால் திரும்பிக்கொண்டார் என்று. அவன் என்னை ஒரு மாதிரி பார்த்தான்.

"ஒரே வீட்லதானே இருக்கீங்க? எத்தனை வருஷமா?"

"கல்யாணம் ஆனதுலேர்ந்து."

"அப்ப அவர் இந்தம்மா மூஞ்சியப் பார்த்ததே இல்லையா? இவங்கதான் அவர் மருமகள்னு அவருக்கு எப்படித் தெரியும்?"

உஸ்தீன்யா சிரித்துவிட்டாள். முகம் தெரியச் சிரித்தாள். "சூப்புல உப்பு ஜாஸ்தியா இருந்தா நான்தான்னு கண்டுபிடிச்சிக்குவாரு" என்றாள். சதுப்புப் பக்கம் திரும்பியிருந்த முதுகு லேசாகக் குலுங்கியது. அதுதான் அன்றைக்கு நாங்கள் சிரித்த கடைசிச் சிரிப்பு.

பையன் ஆபீசுக்குப் போன் போட்டான். ஆபீஸ், கென்னதி வரட்டும் என்றது. கென்னதி என்பவர் காட்டுக்காரர்களோடு பேசுவதற்கென்றே கம்பெனி வைத்திருக்கிற ஆள். எங்கள் எல்லாரையும் பெயர் சொல்லிக் கூப்பிடுவார், புத்தாண்டுக்கு மிட்டாய்ப் பொட்டலம் கொண்டுவருவார். அவர் எண்பது மைல் தள்ளி ஏதோ கூட்டத்தில் இருந்தார். காத்திருந்தோம்.

காத்திருந்தோம் என்று ஒரு வார்த்தையில் சொல்லிவிடலாம். வெயில் உச்சிக்கு ஏறி இறங்கியது. ரோட்டோரம் உட்கார்ந்து காய்ந்த மீனையும் ரொட்டியையும் தின்றோம், பையனுக்கும் கொடுத்தோம், அவன் டீ போட்டுத் தந்தான். குழாய் ஏற்றிய லாரிகள் வந்துகொண்டே இருந்தன. ஒவ்வொரு லாரிக்கும் கட்டை பட்டென்று மேலே போனது. ஓட்டுகிறவன் எங்கே பிறந்தவன், யார் மகன், ஒருவரும் கேட்கவில்லை. லாரி கிளப்பிய மணலெல்லாம் எங்கள் டீயில். ஒவ்வொரு தடவை கட்டை மேலே போகும்போதும் அண்ணன் எழுந்து எழுந்து உட்கார்ந்தார். பிறகு என் பக்கம் திரும்பினார்.

"தார்யா, இந்த ரோட்டுக்கு அடியிலதான் எங்கப்பாவோட பனிக்கால வீடு. மணல் கொட்டும்போது அடுப்பைக்கூட எடுக்க விடல. நான் பொறந்த இடத்துக்கு மேல நின்னுக்கிட்டு அந்தப் பையன்கிட்ட என் மூஞ்சிக்கு நானே சாட்சி சொல்லணும்."

மணல் விழுந்த டீயைக் கீழே ஊற்றினேன். வாய் இருந்து என்ன பயன்?

கென்னதி வந்தபோது பொழுது மேற்கே சாயத் தொடங்கியிருந்தது. காரிலிருந்து இறங்கும்போதே கையை விரித்துக்கொண்டு, புரோக்கோப்பி, எனக்கு ஒரு போன் அடிச்சிருக்கக் கூடாதா என்றார். போன் சிக்னல் எங்கே கிடைக்கும் என்று நான் கேட்டேன். அந்த மேட்டில் ஏறினால் நன்றாகக் கிடைக்கும் என்றார். அந்த மேட்டுக்குப் போகத்தானே ஐயா காலையிலிருந்து இங்கே உட்கார்ந்திருக்கிறோம் என்றேன். சிரித்தார். நல்ல மனுஷர்தான், அதுதான் கஷ்டம். திட்டவும் வாய் வராது.

உள்ளே விட்டார்கள். ஆனால் தலைக்கு ஆளுக்கொரு ஆரஞ்சு ஹெல்மெட் போட வேண்டும், அதுவும் சட்டம். உஸ்தீன்யா முக்காட்டுக்கு மேல் ஹெல்மெட் போட்டுக்கொண்டாள். நாங்கள் மூன்று பேரும் சந்தையில் விற்கிற பொம்மை மாதிரி அந்த மணல் மேட்டில் ஏறினோம்.

நெருப்புக் குழாய் மரத்தைவிட உயரம். அதன் வாயிலிருந்து பகலென்றும் ராத்திரியென்றும் இல்லாமல் நெருப்பு கிழிந்து கிழிந்து பறக்கிறது. அது போடுகிற உறுமலில் பக்கத்தில் நிற்கிறவர் பேசுவதுகூடக் கேட்காது. கீழே எங்கள் மான்கள். கால் முட்டி வரைக்கும் கறுப்பு. விலா எலும்பு எண்ணலாம். மணலில் என்ன மேயும்? கொசு இல்லை என்ற ஒரே சுகத்துக்காகப் பட்டினியோடு நின்றுகொண்டிருந்தன. வெள்ளைக்காலியின் கால் இப்போது வெள்ளை இல்லை. குழியைச் சுற்றிப் போட்ட கம்பி ஒரு பக்கம் சாய்ந்து மணலுக்குள் புதைந்திருந்தது. மான்களுக்கும் அந்தக் குழிக்கும் நடுவில் என் வீட்டு வாசல் அகலம்கூட இல்லை.

உஸ்தீன்யா ரொட்டியை நீட்டிக்கொண்டு கூப்பிட்டாள். உறுமலில் அவள் குரல் அவளுக்கே கேட்டிருக்காது. ஒரு மானும் திரும்பவில்லை. கிட்டே போனால் குழிப் பக்கமாக விலகின. அவள் பயந்துபோய் நின்றுவிட்டாள். கென்னதி தள்ளிப் போய் யாருடனோ போனில் பேசிக்கொண்டிருந்தார். அங்கே சிக்னல் நன்றாகக் கிடைத்தது.

அண்ணன் அப்போது செய்ததை அவர் யோசித்துச் செய்யவில்லை. மான் வரவில்லை என்றால் எங்கள் கை தானாக என்ன செய்யுமோ அதைத்தான் செய்தது. மேட்டின் இந்த ஓரத்தில், குழிக்கு எதிர்ப்பக்கம், ஒரு பழைய பெயிண்ட் வாளி கிடந்தது. இறங்கிப் போய்ச் சதுப்பிலிருந்து ஒரு அள்ளு ஈரப்பாசி எடுத்தார். மடியிலிருந்த பிர்ச் பட்டையைக் கிழித்துப் போட்டுத் தீக்குச்சி கிழித்தார். பாசியை மேலே வைத்து அமுக்கினார். புகை வந்தது. வெள்ளையாக, கனமாக, நம் வீட்டுப் புகை.

நானும் பார்த்துக்கொண்டுதான் நின்றேன். ஐயையோ இங்கே வேண்டாம் என்று எனக்கும் தோன்றவில்லை, உஸ்தீன்யாவுக்கும் தோன்றவில்லை. தலைக்கு மேல் அத்தனை பெரிய நெருப்பு எரிகிற இடத்தில் ஒரு வாளிப் புகை குற்றம் என்று எங்கள் யாருக்குத் தோன்றும்?

காற்று புகையை மான்கள் பக்கம் கொண்டுபோனது. வெள்ளைக்காலி மூக்கைத் தூக்கியது. ஒரு அடி வைத்தது. மணி ஆடியது, சத்தம் கேட்கவில்லை, ஆடுவது தெரிந்தது. இன்னொரு அடி. அதன் பின்னால் மற்றதெல்லாம் ஒவ்வொன்றாக, குழியை விட்டு விலகி, எங்களைப் பார்த்து நடந்து வரத் தொடங்கின. அண்ணன் வாளி பக்கத்தில் குந்தியிருந்தார். அவர் முகத்தைப் பார்க்க வேண்டுமே, கல்யாண வீட்டில் பெண் வீட்டார் வருகிறதைப் பார்க்கிற மாதிரி. எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. வெள்ளைக்காலி வாளிக்குள் மூக்கை விட்டது. நாலைந்து மான் அதைச் சுற்றி நின்றுகொண்டன.

அப்போதுதான் சங்கு ஊதியது.

அப்படி ஒரு சத்தத்தை நான் அதற்கு முன்னால் கேட்டதில்லை. சிவப்பு லாரி ஒன்று எங்கிருந்தோ பாய்ந்து வந்தது. முகமூடி போட்ட ஆட்கள் குதித்தார்கள். அண்ணன் எழுந்து வாளிக்கு முன்னால் கையை விரித்துக்கொண்டு நின்றார். நெருப்பு எங்களுக்குத் தாய். அதற்கு ஒரு வாய் ரொட்டி போடாமல் நாங்கள் தின்ன மாட்டோம். இரும்பால் குத்த மாட்டோம். எரிந்தது தானாக அடங்கட்டும் என்று விடுவோமே தவிர, அதன் மேல் தண்ணீர் ஊற்றுவதை நினைத்துக்கூடப் பார்க்க மாட்டோம். அவர் அதைச் சொல்ல வாயைத் திறந்தார். லாரியின் குழாயிலிருந்து வந்த நுரை அவரையும் வாளியையும் வெள்ளைக்காலியின் முகத்தையும் சேர்த்து அடித்தது.

மான்கள் சிதறின. சங்கு நிற்கவே இல்லை. கண்ணில் நுரையோடு வெள்ளைக்காலி தான் இத்தனை நாள் நின்ற பழைய இடத்துக்குத்தான் ஓடியது, சாய்ந்து கிடந்த கம்பியைத் தாண்டியது, தரை என்று நினைத்துக் குழியின் மேல் கால் வைத்தது. நாலு எட்டு ஓடியது. அதற்குப் பிறகு வயிறு வரைக்கும் இறங்கிவிட்டது.

அண்ணன் ஓடினார். கம்பியைத் தாண்டி ஒரு காலை வைத்தும்விட்டார். பின்னாலிருந்து உஸ்தீன்யா பாய்ந்து அவர் கோட்டை இரண்டு கையாலும் பிடித்து இழுத்தாள். ஹெல்மெட் எங்கோ விழுந்துவிட்டது, முக்காடு தோளில் கிடந்தது, தலைமயிர் எல்லாம் முகத்தில்.

"மாமா, வேணாம். வேணாம் மாமா."

கல்யாணமாகி வந்த பிறகு அவரிடம் அவள் பேசிய முதல் பேச்சு அது. தொட்டதும் அதுதான் முதல். அவர் மணலில் உட்கார்ந்துவிட்டார். அவள் கோட்டை விடவில்லை.

கயிறு கொடுங்கள் என்று நான் கத்தினேன். அந்தப் பக்கம் குழாய் தூக்குகிற கிரேன் ஒன்று சும்மா நின்றுகொண்டிருந்தது. அதை நகர்த்துங்கள் என்று கென்னதியின் சட்டையைப் பிடித்தேன். அவர் போனில் யாரையோ கெஞ்சினார். நிஜமாகவே கெஞ்சினார், முகமெல்லாம் வேர்த்திருந்தது. மான் தூக்குவதற்குக் கிரேனை எடுக்க யார் கையெழுத்துப் போடுவது என்று போனின் அந்தப் பக்கத்தில் யாருக்கும் தெரியவில்லை. வெள்ளைக்காலி கத்தவில்லை. தலையை மட்டும் மேலே வைத்துக்கொண்டு எங்களைப் பார்த்தது. பிறகு மணி மூழ்கியது. பிறகு கொம்பு. போனில் அனுமதி கிடைத்துவிட்டது என்று கென்னதி சொன்னபோது மேலே ஒன்றுமே இல்லை, மணல் படிந்த தரைதான்.

பாதுகாப்பு அதிகாரி ஒருவர் வந்து அண்ணன்மேல் எழுத உட்கார்ந்தார். எண்ணெய் எடுக்கிற இடத்தில் தீ மூட்டியது பெரிய குற்றமாம். மேலே எரிகிறதே, அது என்ன என்று அண்ணன் கேட்டார். குரலே இல்லை, நுரை தாடியிலிருந்து சொட்டிக்கொண்டிருந்தது.

"அது பர்மிட் வாங்கின தீ, பெரியவரே" என்றார் அதிகாரி. கிண்டலாகச் சொல்லவில்லை. விளக்கமாகத்தான் சொன்னார்.

கென்னதி பேசிப் பேசி வழக்கு இல்லாமல் எச்சரிக்கையோடு விடவைத்தார். அதற்காக அவருக்கு நன்றி சொல்ல வேண்டும் என்று எதிர்பார்த்தார். நான் சொல்லவில்லை.

சிதறிய மான்களைச் சேர்க்க அந்த வாரம் முழுக்கப் போனது. சதுப்பின் ஓரம் ஓரமாக உப்பும் ரொட்டியும் வைத்துக்கொண்டு நாங்கள் மூன்று பேரும் அலைந்தோம். ஆரஞ்சு ஹெல்மெட்டைத் திருப்பிக் கேட்டு ஒரு ஆள் வந்தான். முன்னால் நடக்க வெள்ளைக்காலி இல்லாததால் ஒவ்வொன்றாகக் கயிறு போட்டுத்தான் இழுத்து வர வேண்டியிருந்தது. இரண்டு கிடைக்கவே இல்லை. மற்றதை வேலிக்குள் கொண்டுவந்துவிட்டோம். உஸ்தீன்யாவின் முக்காடு பழையபடி இறங்கிவிட்டது, அண்ணனும் பழையபடி வேறெங்கோ பார்த்துத்தான் பேசினார். மேட்டில் நடந்ததை இருவரும் பேசவில்லை. நானும் வாயைத் திறக்கவில்லை. என்னைத் தெரிந்தவர்களுக்குத் தெரியும், அது எனக்கு எவ்வளவு பெரிய காரியம் என்று.

கென்னதி ஒரு பெட்டி அனுப்பியிருந்தார். உள்ளே கொசு மருந்து டப்பாக்கள், மனுஷருக்கு அடிக்கிறது. மான்களுக்கு உபயோகமாக இருக்கும் என்று சொல்லி அனுப்பினாராம். நான் ஒரு கிழட்டு மானின் முதுகில் புஸ்ஸென்று அடித்துப் பார்த்தேன். உதைத்த உதையில் எனக்கு நாலு நாள் தொடை நீலமாக இருந்தது.

மான் எல்லாம் வேலிக்குள் சேர்ந்த மறுநாள் காற்று நின்றுவிட்டது. கொசு மேகம் மாதிரி இறங்கியது. மான்கள் தலையை உதறின, ஒன்றின்மேல் ஒன்று முட்டின, குட்டிகளின் கண்ணோரம் ரத்தம் வந்தது. அண்ணன் பொறுக்கி வைத்திருந்த நல்ல உளுத்த கட்டையாக எடுத்து அடுக்கினார். ஈரப்பாசி வைத்தார். அவசரப்படாமல் மூட்டினார். புகை எழுந்து சுற்றிப் படர்ந்து வேலிப் பக்கம் போனது. நாங்கள் மூன்று பேரும் பார்த்துக்கொண்டிருந்தோம்.

முதல் வாசனை போனதும் மான்கள் அப்படியே உறைந்து நின்றன. பிறகு ஒன்று மூச்சைச் சீறி விட்டது. அடுத்த நொடி மொத்தமும் எதிர்ப்பக்க வேலியில் போய் மோதியது. கம்பு முறிகிற சத்தம். குட்டிகள் அடியில். வேலியை உடைத்துக்கொண்டு, அந்தச் சங்கு பின்னாலேயே துரத்துகிற மாதிரி, காட்டுக்குள் ஓடின. ஓடிய திசை எனக்குத் தெரிந்ததுதான். அந்தத் திசையில் மரத்துக்கு மேல் வானம் பகலிலும் லேசாகச் சிவந்திருக்கும்.

அண்ணன் நின்ற இடத்திலேயே நின்றார்.  மான்கள் மர ஓரத்தில் தயங்கித் தயங்கி நின்றன. இன்னும் போய்விடவில்லை. ஒரு கால் அந்தப் பக்கம், ஒரு கால் இந்தப் பக்கம். புகை தானாக அடங்க வேண்டுமென்றால் சாயங்காலம் ஆகும். உளுத்த கட்டை அப்படித்தான், அதற்காகத்தானே அதைப் பொறுக்குகிறோம். அதுவரைக்கும் மான் நிற்குமா?

அவர் போய்ப் படகுக்குப் பக்கத்தில் கிடந்த வாளியை எடுத்தார். ஏரியில் முக்கினார். அவர் செய்யப்போவது எனக்குப் புரிந்துவிட்டது. உஸ்தீன்யா சத்தமில்லாமல் அழத் தொடங்கினாள். நான் ஊத்துறேன் அண்ணே, என் வீட்டு நெருப்பு இல்லை, பாவம் எனக்குக் குறைச்சலாகத்தான் சேரும் என்று சொன்னேன். வேண்டாம் என்று தலையை ஆட்டிவிட்டார்.

நெருப்பின் முன்னால் குந்தினார். மடியிலிருந்து ஒரு துண்டு ரொட்டியை எடுத்து அதன் வாயில் போட்டார். அது கருகித் தீரும் வரைக்கும் காத்திருந்தார்.

"எனக்கு வேற வழி தெரியல தாயே" என்றார். "அதுங்க உன்னைப் பார்த்துத்தான் பயப்படுது."

தண்ணீரை ஊற்றினார். சீறிக்கொண்டு ஒரு பெரிய வெள்ளை ஆவி எழுந்து அவரை மறைத்தது. அது கலைந்தபோது இன்னொரு வாளி கொண்டுவரப் போயிருந்தார். சாம்பல் கறுத்துச் சேறாகும் வரைக்கும் ஊற்றினார்.

வெகுநேரம் கழித்து மான்கள் ஒவ்வொன்றாக மர ஓரத்திலிருந்து திரும்பி வந்தன. புகை இல்லாத முற்றத்தில் கொசு மொய்க்க வந்து நின்றன. உஸ்தீன்யா பிர்ச் கிளை மூன்று ஒடித்துக்கொண்டு வந்து எனக்கு ஒன்றும் மாமனாருக்கு ஒன்றும் கொடுத்தாள். நாங்கள் மான்களுக்கு நடுவில் புகுந்து கண்ணுக்கும் மூக்குக்கும் விசிறத் தொடங்கினோம். ஒரு மானுக்கு விசிறும்போது மற்ற மான்கள் எங்களையே பார்த்துக்கொண்டு காத்திருந்தன. கொசுவை ஒழிக்கிற முதல் பனி விழ இன்னும் இரண்டு மாதம் இருந்தது.